பதினைந்தாம் தேதி விடுப்பு

"இல்லைங்கறதையா அமுக்கின?" என்று ராய் கேட்டான். காலையிலிருந்து இதே கேள்வியைத்தான் கேட்டுக்கொண்டிருக்கிறான். மாநில உதவித்தொகை அலுவலகத்திலிருந்து வந்த கடிதம் அவன் முன்னால் சாப்பாட்டு மேசையில் கிடந்தது. இடுப்பு வலிக்காக வைத்திருக்கும் ஊன்றுகோல் நாற்காலியிலிருந்து சரிந்து தரையில் விழுந்ததைக்கூட அவன் எடுக்கவில்லை.

அவன் மனைவி ரோண்டா, உள்ளே இறைச்சி வைத்துச் சுடுகிற பாஸ்டிக்கு மாவு பிசைந்துகொண்டிருந்தாள். "கேட்டாங்க. சொன்னேன். பதினைஞ்சாம் தேதி நான் வேலைக்குத் தயாராவா இருந்தேன்? காட்டுல, வேட்டைப் பரண்மேல இருந்தேன். பக்கத்து மரத்தடியில நீயும்தான் இருந்த."

"நான் இருந்தேன். அதைப் போய் கவர்மென்ட்டுகிட்ட சொல்லுவாங்களா?"

"கேட்டா சொல்லத்தான் வேணும்."

ராய் தலையில் அடித்துக்கொண்டான். அடித்துக்கொண்ட வேகத்தில் இடுப்பு சுரீரென்றது. அதற்கும் சேர்த்து அவளையே முறைத்தான்.

பிளைவுட் மில்லை செப்டம்பரில் மூடினார்கள். அன்று முதல் வேலையில்லா உதவித்தொகை வாங்குகிற மில்காரர்கள் எல்லோருக்கும் ஞாயிற்றுக்கிழமை ஒரு சடங்கு வந்துவிட்டது. கணினி முன்னால் உட்கார்ந்து, மாநிலம் கேட்கிற கேள்விகளுக்கு ஆம், இல்லை என்று அமுக்க வேண்டும். வேலை தேடினீர்களா? ஏதாவது சம்பாதித்தீர்களா? வந்த வேலையை மறுத்தீர்களா? வாரத்தின் ஒவ்வொரு நாளும் வேலைக்குப் போகத் தயாராக இருந்தீர்களா? ரோண்டா காபியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு ஒவ்வொன்றையும் முழுசாகப் படித்துத்தான் பதில் சொல்லுவாள். அவள் வேலை தேடியதும் உண்மை. மருத்துவமனைச் சமையலறைக்கு எழுதிப் போட்டாள். பள்ளிப் பேருந்து ஓட்டக் கேட்டாள். மீன் பதப்படுத்தும் இடத்துக்கு நேரிலேயே போய், கையுறையை மாட்டிக்கொண்டு இப்போதே வேண்டுமானாலும் நிற்கிறேன் என்றாள். வசந்த காலத்தில் வாருங்கள் என்று சொல்லி அனுப்பினார்கள். இவ்வளவையும் எழுதியவள், மான் வேட்டை தொடங்கின வாரத்துக் கேள்விக்கு மட்டும் 'இல்லை' என்று அமுக்கினாள். ஒரு நாள் பணத்தைப் பிடித்துக்கொள்வார்கள், அது நியாயம்தான் என்பது அவள் கணக்கு. கடிதமோ வேறு சொன்னது. அந்த வாரத்துப் பணம் முழுவதுமே கிடையாது. விசாரணை முடிகிற வரை அதற்குப் பிந்தின வாரங்களுக்கும் இல்லை.

மான் வேட்டை தொடங்குகிற நவம்பர் பதினைந்து என்றால் சுப்பீரியர் ஏரிக் கரையில் உள்ள இந்த ஊருக்கு என்ன என்பதைத் தெற்கே நகரத்தில் உட்கார்ந்திருப்பவர்களுக்கு யார் சொல்லுவது? பள்ளிக்கூடம் பூட்டியிருக்கும். பல் டாக்டர் கதவில் மான் கொம்பு படம் வரைந்து ஒட்டிவிட்டுப் போயிருப்பார். கல்யாணத்தை அன்றைக்கு வைத்தால் மாப்பிள்ளையே வரமாட்டான். மில்லில் அன்றைக்கு இயந்திரத்தைப் போட்ட ஞாபகம் யாருக்குமே கிடையாது. ஆனாலும் ரோண்டா ஒருத்தி மட்டும் அக்டோபர் பிறந்ததும் ஃபோர்மேன் அறைப் பலகையில் தன் பெயரை எழுதி, பக்கத்தில் 'பதினைந்து, விடுப்பு' என்று எழுதிவைப்பாள். வேலைக்குச் சேர்ந்த வருஷத்திலிருந்து இதே கதைதான். "ஊருக்கே லீவு. நீ எதுக்குடியம்மா எழுதுற?" என்று ஃபோர்மேன் சிரிப்பான். சிரித்தால் சிரித்துவிட்டுப் போகட்டும். கேட்டு வாங்கின விடுப்பு என்றால்தான் அவளுக்குப் பரண்மேல் நிம்மதியாக உட்கார முடியும். அது அவள் சுபாவம். இந்த வருஷம் பலகையும் இல்லை, ஃபோர்மேனும் இல்லை. ஆகவே மாநிலத்திடம் எழுதிவைத்தாள். இதில் என்ன தப்பு என்று அவளுக்கு இன்னமும் விளங்கவில்லை. இத்தனைக்கும் அன்று ஒரு கொம்புமான்கூட அவள் பக்கம் எட்டிப் பார்க்கவில்லை.

ஆனால் வீட்டைச் சூடாக்குகிற கேஸ் டேங்கின் முள் கீழே இறங்கிக்கொண்டிருந்தது. ராய்க்கு இடுப்பு அறுவைச் சிகிச்சை வசந்தத்தில். அதுவரை அவன் லாரி ஓட்ட முடியாது. வீட்டுக் கடன் தவணையை வங்கிக்காரன் ஒருமுறை பொறுத்தான், இன்னொருமுறை பொறுப்பானா தெரியாது. உதவித்தொகை வந்தால் குளிர்காலத்தைத் தாண்டிவிடலாம். வராவிட்டால் வீடு கைமாறும். இது இருவருக்கும் தெரியும். ராய் அதை வாய்விட்டுச் சொன்னான். ரோண்டா மாவை ஓங்கி அடித்தாள்.

"மேல்முறையீடு போட்டாச்சு. போன்ல விசாரிப்பாங்க. நான் ஜெயிப்பேன்" என்றாள்.

"எப்படி?"

"ஊரே அன்னிக்கு மூடிக் கிடக்குதுன்னு சொல்லுவேன். இல்லாத வேலைக்கு எப்படிய்யா தயாரா இருக்கிறது?"

ராய் கொஞ்ச நேரம் யோசித்தான். பிறகு, காலையிலிருந்து முதல் தடவையாக, "அது சரியான பாயிண்ட்டு" என்றான்.

விஷயம் ஊருக்குள் பரவ அதிக நேரம் ஆகவில்லை. மளிகைக் கடையில் ரோண்டாவைக் கண்டதும் பேச்சு நின்றது. இறைச்சிப் பகுதியில் நிற்கிற கிழவன் மட்டும், "பரண்மேல ஏறினதுக்கு ரசீது கேட்டியாமே?" என்று வாய்விட்டுச் சிரித்தான். அவளும் விடவில்லை. "நீ சுட்ட மானுக்கு லைசன்ஸ் இருக்கான்னு கேட்டு எழுதிப் போடட்டுமா?" என்றாள். அவன் சிரிப்பு பாதியில் நின்றது.

வியாழக்கிழமை வேய்ன் வந்தான். மில்லில் தொழிற்சங்கத்துக்கு அவன்தான் தலைவன். நல்ல மனுஷன், யாருக்காவது ஒன்று என்றால் முதல் ஆளாக வந்து நிற்பவன். அன்றைக்கு என்னவோ வாசலிலேயே பனியை உதறுகிற சாக்கில் நெடுநேரம் நின்றான். உள்ளே வந்து காபியைக் கையில் வாங்கிக்கொண்டு, ராயின் இடுப்பைப் பற்றிக் கேட்டான், கேஸ் விலையைப் பற்றிக் கேட்டான், ஏரி இந்த வருஷம் உறையுமா என்று கேட்டான்.

"வந்த விஷயத்தைச் சொல்லு வேய்ன்" என்றாள் ரோண்டா.

"விரல் தவறி அமுக்கிட்டேன்னு சொல்லிடு ரோண்டா. அவ்வளவுதான். ஆயிரம் பேர் சொல்றதுதான். ரெண்டு நிமிஷத்துல பணத்தை விட்டுடுவாங்க."

"விரல் தவறலையே."

"தவறினா என்ன? விரல்தானே?"

"என் விரல் வேய்ன். இத்தனை வருஷம் மரம் அறுக்கிற ரம்பத்துப் பக்கத்துல வச்சு வேலை பார்த்த விரல். பத்தும் இருக்கு பாரு." மாவு ஒட்டிய இரண்டு கைகளையும் அவன் முகத்துக்கு நேரே விரித்துக் காட்டினாள். "தவறுற விரலா இருந்தா எப்பவோ போயிருக்கும்."

ராய்க்குச் சிரிப்பு வந்துவிட்டது. வேய்ன் சிரிக்கவில்லை. கோப்பையை மேசையில் வைத்தான்.

"ஊரே மூடிக் கிடந்ததுன்னு சொல்லப்போறியாமே. ராய் சொன்னான்."

"ஆமா. பொய்யா?"

"பொய் இல்ல. அதான் பயமா இருக்கு." அவன் ராயைப் பார்த்தான், ஜன்னலைப் பார்த்தான், கடைசியாக அவளைப் பார்த்தான். "மில்லுல இருந்த அத்தனை பேரும் அன்னிக்குக் காட்டுலதான் இருந்தோம். அத்தனை பேரும் 'ஆமா'ன்னுதான் அமுக்கினோம். நீ ஒருத்திதான் 'இல்லை'. நீ போய், யாருமே அன்னிக்கு வேலைக்குப் போகமாட்டாங்கன்னு ஜட்ஜுகிட்ட சொன்னா, அடுத்து அவங்க என்ன செய்வாங்க? மத்தவங்க என்ன அமுக்கினாங்கன்னு பார்ப்பாங்க. வாங்கினதைத் திருப்பிக் கொடுன்னு சொல்லுவாங்க. அபராதம் வேற. டாமிக்கு இப்பத்தான் பிரசவம் ஆச்சு, கைக்குழந்தைக்காரி. லெஸ்டர் பொண்டாட்டிக்கு வாராவாரம் டயாலிசிஸ். எல்லாரும் என்கிட்ட வந்து நிக்கிறாங்க ரோண்டா."

 ரோண்டா போட்ட சத்தத்தில் வீடே அதிர்ந்தது.

"பொய் சொன்னவங்களைக் காப்பாத்த, உண்மை சொன்னவ வாயைக் கட்டிக்கணுமா? நல்லா இருக்கே உங்க நியாயம்! என் வீடு போகுதே, அதுக்கு யாராவது உன்கிட்ட வந்து நின்னாங்களா?"

வேய்ன்  தொப்பியை எடுத்துக்கொண்டு எழுந்தான். அவன் வாசலுக்குப் போன பிறகு ரோண்டா அடுப்பிலிருந்து ஒரு பாஸ்டியை எடுத்து, காகிதத்தில் சுற்றி, அவன் கையில் திணித்தாள். கோபம் கோபம்தான், அதற்காக வந்தவனை வெறும் வயிற்றோடு அனுப்ப முடியுமா? "நான் எதுவும் வாக்குக் கொடுக்கல" என்று அவன் முதுகைப் பார்த்துச் சொன்னாள்.

சனிக்கிழமை நீராவிக் குளியலுக்கான சவுனா அறையில், கல்லில் தண்ணீர் ஊற்றி நீராவி எழும்பி அடங்கினதும், ராய் மெல்ல ஆரம்பித்தான்.

"திங்கக்கிழமை விசாரணையில என்ன சொல்லப்போற?"

"உண்மையை."

"யாரோட உண்மையை?"

ரோண்டா இன்னொரு கரண்டி தண்ணீரை எடுத்துக் கல்லில் வீசினாள். சூடு தாங்காமல் ராய் முகத்தைத் துண்டால் மூடிக்கொண்டான். அவளுக்கு அவன்மேல் கோபம், வேய்ன்மேல் கோபம், டாமிமேல் கூடக் கோபம். அந்தப் பெண் வேலைக்குச் சேர்ந்த புதிதில் பிளைவுட் பலகையை எந்தப் பக்கம் திருப்புவது என்றுகூடத் தெரியாமல் விழித்தவள். ரோண்டாதான் பக்கத்தில் நின்று சொல்லிக்கொடுத்தாள். பிரசவத்துக்குப் போகும்போது எல்லோரும் சேர்ந்து தொட்டில் வாங்கிக் கொடுத்தார்கள். அந்தத் தொட்டிலில் கிடக்கிற குழந்தையை இதில் ஏன் இழுத்துவிட்டான் இந்த வேய்ன்? கோபப்படக் கோபப்பட, தான் என்ன செய்யப்போகிறோம் என்பது அவளுக்குத் தெளிவாகிக்கொண்டே வந்தது. அப்படித் தெளிவானது இன்னும் எரிச்சலாக இருந்தது. ஆனாலும் தோற்றுவிடுவோம் என்று அவளுக்கு ஒரு கணமும் தோன்றவில்லை. தன் வாயில் வருவது பொய் இல்லை என்கிறபோது எதற்குப் பயப்பட வேண்டும்?

திங்கட்கிழமை காலை போனைச் சாப்பாட்டு மேசையின் நடுவில் வைத்தார்கள். ராய் எதிரே உட்கார்ந்தான். வாயைத் திறக்கக் கூடாது என்று அவனுக்கு உத்தரவு. ரோண்டா தேவாலயத்துக்குப் போடுகிற நீலச் சட்டையைப் போட்டிருந்தாள். போன் விசாரணைக்குச் சட்டை எதற்கு என்று ராய் கேட்கவில்லை.

நீதிபதி ஒரு பெண். தெற்குப் பக்கத்துப் பேச்சு, வேகமான குரல், ஆனால் சிடுசிடுப்பு இல்லை. உண்மையே பேசுவதாக உறுதிமொழி வாங்கிக்கொண்டு நேராக விஷயத்துக்கு வந்தார்.

"பதினைந்தாம் தேதி எங்க இருந்தீங்க, மிஸஸ் லாஹ்தி?"

"மரத்து மேல, மேடம்."

"மரத்து மேலயா?"

"பரண்ல. மான் வேட்டை தொடங்குற நாள்."

மறுமுனையில் தட்டச்சு செய்கிற சத்தம் கேட்டது. "வேலைக்குத் தயாரா இல்லைன்னு நீங்களே பதில் கொடுத்திருக்கீங்க. நிறைய பேர் தவறுதலா அமுக்கிடுவாங்க. உங்களுக்கும் அப்படி ஆயிடுச்சா?"

ராய் நிமிர்ந்து அவளைப் பார்த்தான். கண்ணாலேயே கெஞ்சினான்.

"இல்ல மேடம். தெரிஞ்சுதான் அமுக்கினேன்."

"ஏன்?"

"மில்லுல இருந்தப்ப லீவு வேணும்னா ஃபோர்மேன் பலகையில எழுதி வைப்பேன். சொல்லாம எடுத்ததில்ல. இப்ப ஃபோர்மேன் இல்ல. நீங்கதான் இருக்கீங்க. அதான் உங்ககிட்ட எழுதி வச்சேன். ஒரு நாள் பணத்தைப் பிடிப்பீங்கன்னு நினைச்சேன்."

தட்டச்சு நின்றது.  தொடர்பு அறுந்துவிட்டதோ என்று ராய் போனை எட்டிப் பார்த்தான்.

"உங்க மில்லுல அன்னிக்கு எல்லாருமே லீவு எடுப்பாங்களா?" என்று நீதிபதி கேட்டார். குரல் இப்போது நிதானமாக இருந்தது. "அந்தப் பக்கத்துல அப்படி ஒரு வழக்கம் உண்டுன்னா அதையும் நான் பதிவு செய்யலாம். உங்களுக்கு அது உதவியா இருக்கலாம்."

இதைத்தான் அவள் சொல்வதாக இருந்தாள். எத்தனையோ தடவை சமையலறையில் நின்று சொல்லிப் பார்த்தது, வார்த்தை வார்த்தையாக நாக்கின் நுனியில் இருந்தது. ஆமாம் மேடம், பள்ளிக்கூடம் மூடியிருக்கும், வங்கி மூடியிருக்கும், மில்லில் ஒரு ஆள் இருக்கமாட்டான். அவ்வளவுதான். நீதிபதியே தட்டில் வைத்து நீட்டுகிறார். ரோண்டா மேசை விளிம்பை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள்.

"பரண்ல உட்கார்ந்தா மரம்தான் தெரியும், மேடம். மத்தவங்க எங்க இருந்தாங்கன்னு நான் பார்க்கல. என்னைப் பத்தி மட்டும் கேளுங்க."

"நிச்சயமாவா?"

"நிச்சயமா."

"சரி." நீதிபதி மேற்கொண்டு தோண்டவில்லை. "அப்ப கடைசிக் கேள்வி. இதுதான் முக்கியம், யோசிச்சுச் சொல்லுங்க. நீங்க எங்க உட்கார்ந்திருந்தீங்கங்கறது சட்டத்துக்குப் பெரிசில்ல. அன்னிக்கு யாராவது கூப்பிட்டு, உடனே வேலைக்கு வாங்கன்னு சொல்லியிருந்தா, போயிருப்பீங்களா?"

போயிருப்பேன் என்று சொன்னால் முடிந்தது. ராய் அந்த வார்த்தையை உதட்டாலேயே சொல்லிக் காட்டினான். ரோண்டா யோசித்தாள். யோசித்துத்தானே சொல்லச் சொன்னார்? விடிவதற்கு முன்னால் ஏணியில் ஏறுவது, கைவிரல் மரத்துப்போவது, இருட்டுக்குள்ளிருந்து மரங்கள் ஒவ்வொன்றாக வெளியே வருவது, முதல் வெடிச்சத்தம் தூரத்தில் எங்கோ கேட்பது. அந்த நேரத்தில் ஒருவன் கூப்பிட்டு வா என்றால்?

"ஒன்பது மணிக்கு மேலன்னா போயிருப்பேன், மேடம்."

ராய் இரண்டு கையாலும் முகத்தைப் பொத்திக்கொண்டான்.

"அதுக்கு முன்னால?"

"அதுக்கு முன்னால கவர்னரே கூப்பிட்டாலும் இறங்கமாட்டேன். ஒன்பதுக்கு மேல எந்த வேலையா இருந்தாலும் சரி, துப்பாக்கியை வீட்டுல வச்சுட்டு அதே பூட்ஸோட வந்து நின்னிருப்பேன். போன் சட்டைப் பையிலதான் இருந்துச்சு. யாரும் கூப்பிடல."

மறுமுனையில் ஏதோ ஒரு சத்தம். இருமலா, சிரிப்பா, சொல்ல முடியாது. தீர்ப்பு தபாலில் வரும், அதுவரை ஞாயிற்றுக்கிழமைக் கேள்விகளுக்கு விடாமல் பதில் சொல்லிக்கொண்டிருங்கள், நிறுத்திவிட்டால் ஜெயித்தும் பிரயோஜனம் இல்லை என்று நீதிபதி சொன்னார். ரோண்டா நன்றி சொன்னாள். போன் அணைந்தது.

"ரெண்டு தடவை அந்தம்மா கதவைத் திறந்து விட்டாங்க" என்றான் ராய். "நீ ஜன்னல் வழியாத்தான் குதிப்பேன்னு குதிக்கிற. ஒன்பது மணியாம்! பத்து நிமிஷம் முன்னப்பின்ன கூடாதா?"

ரோண்டா சிரிக்கப் போனாள், அழுகைதான் வந்தது. மேசையில் தலையைக் கவிழ்த்துக்கொண்டு நன்றாக அழுதாள். ராய் நொண்டிக்கொண்டே எழுந்து வந்து அவள் தோளில் கையை வைத்தான்.

"எனக்கு அவங்கமேல கோபம் போகல" என்றாள், தலையை நிமிர்த்தாமலே. "அத்தனை பேர்மேலயும் கோபம். அது தெரிஞ்சுக்கோ."

"தெரியும்."

"ஆனா நான் ஜெயிப்பேன்."

"அதுவும் தெரியும்" என்றான் ராய். அவன் குரலில் அவ்வளவு நம்பிக்கை இல்லை. மத்தியானம் அவள் தூங்கும்போது அவன் வேய்னைக் கூப்பிட்டு, நடந்ததைச் சொன்னான். யாரைப் பற்றியும் அவள் ஒரு வார்த்தை பேசவில்லை என்றான். வேய்ன் சரி என்று மட்டும் சொன்னான்.

தபால்காரன் வாரம் முழுக்க மின்கட்டண ரசீதும் மளிகைக் கடை விளம்பரமும்தான் கொண்டுவந்தான். ஞாயிற்றுக்கிழமை ரோண்டா வழக்கம்போல் கணினி முன்னால் உட்கார்ந்தாள். வாரத்தின் ஒவ்வொரு நாளும் வேலைக்குத் தயாராக இருந்தீர்களா? ஆமாம், இருந்தாள். ஒவ்வொரு நாளும், ஒவ்வொரு மணியும். ஓங்கி அமுக்கினாள். அப்போது வாசலில் ராய் கூப்பிடுகிற சத்தம் கேட்டது.

பனி தள்ளுவதற்காகக் கதவைத் திறந்தவன் அப்படியே நின்றுகொண்டிருந்தான். படிக்கட்டில், கைப்பிடிச் சுவர் ஓரத்தில், பாதை முனை வரைக்கும், வெள்ளைக் காகிதத்தில் சுற்றிய பொட்டலங்கள். சின்னதும் பெரிசுமாக அடுக்கியிருந்தன. வந்துபோன பூட்ஸ் தடங்களைப் புதுப் பனி பாதி மூடியிருந்தது. கடிதம் எதுவும் இல்லை, யார் பெயரும் இல்லை. மான் இறைச்சி என்பதைச் சொல்லவே வேண்டாம். இந்த ஊரில் இறைச்சியைச் சுற்றினால் எந்தப் பகுதி என்பதையும் மான் விழுந்த தேதியையும் கறுப்பு மையால் மேலே எழுதுவார்கள். அது மட்டும் இருந்தது.

ராய் ஒவ்வொன்றாகத் தூக்கிப் பார்த்தான். "தொடைக்கறி, நவம்பர் பதினைஞ்சு." அடுத்ததை எடுத்தான். "கொத்துக்கறி, பதினைஞ்சு." கையெழுத்து வேறு. இன்னொன்று. "முதுகு, பதினைஞ்சு. இதுவும் பதினைஞ்சு. இது லெஸ்டர் எழுத்து மாதிரி இருக்கு, இதுவும்..." அடுத்ததைக் கையில் வைத்துக்கொண்டே, "அன்னிக்கு எங்க இருந்தோம்னு அவங்களே எழுதிக் கொடுத்திருக்காங்க" என்றான். மேற்கொண்டு படிக்கவில்லை.

ரோண்டா வீட்டுக்குள் போட்டிருந்த செருப்போடு பனியில் இறங்கி, பாதை முனையில் கிடந்தவற்றையும் பொறுக்கி, மடி நிறைய ஏந்திக்கொண்டு வந்தாள். பின்கட்டில் இருந்த பெரிய ஐஸ் பெட்டியைத் திறந்து, குளிர்ப்புகை முகத்தில் அடிக்க, ஒவ்வொரு பொட்டலமாக உள்ளே அடுக்கினாள். எழுத்து இருந்த பக்கத்தைக் கீழே வைத்தாள். அடுத்ததையும் திருப்பி, எழுத்துப் பக்கம் கீழே இருக்கும்படி வைத்தாள். ராய் எடுத்துக் கொடுக்கக் கொடுக்க, பெட்டிக்குள் வெறும் வெள்ளையாக அடுக்கு உயர்ந்துகொண்டே வந்தது.